அச்சில் ஏறாத பேர்



இந்த இதழின் கடைசி பாரம் அச்சுக்குப் போய்க்கொண்டிருக்கிறது. கிண்டி தொழிற்பேட்டையில் சாயங்காலத்திலிருந்து விடாத மழை. அச்சகத்தின் தகரக் கூரையில் அது கொட்டுகிற இரைச்சலில் இயந்திரத்தின் சத்தம்கூட அடங்கிப்போயிருக்கிறது. வழக்கமாக இந்தப் பக்கத்தை முதலிலேயே எழுதிக் கொடுத்துவிடுவேன். இந்த மாதம் முடியவில்லை. நான்கு முறை எழுதிக் கிழித்துப் போட்டேன். முப்பத்தைந்து வருஷத்துக்கும் மேலாக மனசில் கிடக்கிற ஒன்றை உங்களிடம் சொல்லியாக வேண்டும்.

அதற்கு முன்னால் ஒரு மூதாட்டியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன்.

மார்கொட் ஃப்ரீட்லேண்டர் 2025 மே 9 அன்று பெர்லினில் தம் 103ஆம் வயதில் காலமானார். அதே ஊரில் 1921இல் பிறந்த யூதப் பெண். 1943 ஜனவரியில் ஒருநாள் அவர் வீடு திரும்பியபோது தம்பி ரால்ஃபை ஹிட்லரின் ரகசியப் போலீஸ் கொண்டுபோயிருந்தது. பிள்ளையைத் தனியே அனுப்ப மனமில்லாத தாய், தானாகவே போலீசிடம் போய்ச் சேர்ந்துகொண்டார். மகளுக்கென்று அவர் அக்கம்பக்கத்தாரிடம் விட்டுப்போனது ஒரு கைப்பை. அதற்குள் ஓர் அம்பர் மணிமாலையும் ஒரு முகவரிப் புத்தகமும் இருந்தன. கூடவே வாய்வழியாக ஒரு செய்தி: உன் வாழ்க்கையை நீ அமைத்துக்கொள்ளப் பார். தாயையும் தம்பியையும் மார்கொட் அதன் பிறகு பார்க்கவில்லை. இருவரும் ஆஷ்விட்ஸ் முகாமில் கொல்லப்பட்டார்கள்.

மார்கொட் தலைமுடிக்குச் சிவப்புச் சாயம் ஏற்றி, மூக்கைக்கூட அறுவை செய்து மாற்றிக்கொண்டு, பதினைந்து மாதம் வீடு வீடாக ஒளிந்து வாழ்ந்தார். 1944இல் பிடிபட்டு தெரேசியன்ஷ்டாட் முகாமுக்கு அனுப்பப்பட்டார். உயிரோடு மீண்டார். முகாமில் மறுபடி சந்தித்த அடால்ஃப் ஃப்ரீட்லேண்டரை மணந்துகொண்டு 1946இல் நியூயார்க் போனார். கணவனும் மனைவியுமாக ஐம்பது ஆண்டு வாழ்ந்தார்கள். இருவருமே முகாமிலிருந்து வந்தவர்கள். ஆனாலும் அதைப் பற்றி அதிகம் பேசிக்கொண்டதில்லை.

1997இல் கணவர் இறந்த பிறகு, முதியவர்களுக்காக நடந்த ஓர் எழுத்துப் பயிற்சி வகுப்பில் மார்கொட் சேர்ந்தார். அங்கேதான் முதன்முதலாக எழுத ஆரம்பித்தார். அது 2008இல் புத்தகமாக வந்தது. 2010இல், 88 வயதில், தன்னை வேட்டையாடிய அதே பெர்லினுக்கே குடிவந்துவிட்டார். பிறகு பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாகப் போனார். பிள்ளைகள் முன்னால் உட்கார்ந்து வாசிப்பார், அவர்கள் கேட்கிற கேள்விக்கெல்லாம் பதில் சொல்வார். குற்றம் சாட்ட வரவில்லை, பேச முடியாமல் போனவர்களுக்காகப் பேச வந்திருக்கிறேன் என்பது அவருடைய நிலை. நூறு வயது தாண்டியும் அதை விடவில்லை.

அவரைப் பற்றிப் படிக்கிறபோது என் கண் அந்த எழுத்து வகுப்பிலேயே நின்றுவிடுகிறது. எழுபத்தைந்து வயதைத் தாண்டிய ஒரு பெண்மணி வந்து உட்கார, அங்கே ஒரு நாற்காலி இருந்தது. எழுதிக்கொண்டு வந்ததை வாசியுங்கள் என்று சொல்ல ஆள் இருந்தது. அது இல்லாமல் போயிருந்தால் பெர்லின் பிள்ளைகளுக்கு அவர் கிடைத்திருக்க மாட்டார்.

நாற்காலி கிடைக்காத கதைகளும் உண்டு. இத்தாலியின் ப்ரீமோ லெவி ஆஷ்விட்ஸிலிருந்து திரும்பிய கையோடு, கண்டதையெல்லாம் எழுதி முடித்துவிட்டார். ஐனாவ்டி என்ற பெரிய பதிப்பகம் வேண்டாம் என்றது. இன்னொரு சின்னப் பதிப்பகம் 1947இல் 2,500 பிரதி போட்டது. ஐனாவ்டி மனம் மாறி வெளியிட்டது 1958இல்தான். இன்றைக்கு உலகமே படிக்கிற புத்தகம் அது. திருப்பி அனுப்பிய மேசையில் உட்கார்ந்திருந்தவர்கள் கல்நெஞ்சக்காரர்கள் அல்ல. பாசிசத்தால் தாங்களும் அடிபட்டவர்கள், நல்ல எழுத்தாளர்கள். போர் முடிந்த களைப்பில் இருந்தார்கள். ‘இப்போது வேண்டாம்’ என்று தோன்றியிருக்கிறது. எனக்கும் ஒருநாள் அப்படித்தான் தோன்றியது.

1988. அப்போது நான் வேறொரு பத்திரிகையில் உதவி ஆசிரியர். அந்த அலுவலகமும் இதே தொழிற்பேட்டையில்தான், இரண்டு தெரு தள்ளி இருந்தது. பத்திரிகை நின்றுபோய் வெகுகாலம் ஆகிறது. ஒருநாள் மத்தியானம், அறுபதைத் தாண்டிய ஒருவர் மாடி ஏறி வந்தார். வெள்ளை வேட்டி, அரைக்கைச் சட்டை, கையில் மஞ்சள் பை. கிண்டி ரயில் நிலையத்திலிருந்து நடந்தே வந்ததாகச் சொன்னார். வீடு ஆதம்பாக்கம் பக்கம். இதே தொழிற்பேட்டையில் ஒரு பட்டறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பையிலிருந்து நீல அட்டை போட்ட ஒரு கோடு போட்ட நோட்டை எடுத்து மேசைமேல் வைத்தார்.

“தம்பி, நான் சயாமுக்குப் போய்த் திரும்புனவன். எல்லாத்தையும் எழுதியிருக்கேன்.”

சயாம் என்றால் தாய்லாந்து என்ற அளவுக்குத் தெரியும். அவர் சொன்னது எந்தச் சயாம் என்று எனக்குத் தெரியவில்லை. இதழ் முடிக்கிற நாள், கம்போசிங் ஆட்கள் காத்திருந்தார்கள். பத்து நிமிஷம் உட்கார வைத்து ஒரு டீ வாங்கிக் கொடுத்தேன். அந்தப் பத்து நிமிஷத்தில் அவர் சொன்னதில் மூன்று விஷயம் மட்டும் இன்றைக்கும் நினைவிருக்கிறது.

மலாயாவில் ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில் பிறந்தவர். அப்பா பால்மரம் வெட்டுகிறவர். சப்பான்காரன் காலத்தில், அவருக்குப் பதினேழு வயதிருக்கும்போது, தோட்டத்துக்கு லாரி வந்தது. மூன்று மாத வேலை, ஒருநாளைக்கு ஒரு வெள்ளி (மலாயா டாலர்) சம்பளம் என்று சொல்லித்தான் அப்பாவையும் பிள்ளையையும் ஏற்றினார்கள். இது ஒன்று.

காட்டில் காலரா வந்தபோது, செத்தவர்களைத் தூக்கிப்போட நாலு பேர் வேண்டும் என்பார்களாம். காலையில் தூக்கின நாலு பேரில் ஒருவரைச் சாயங்காலம் வேறு யாரோ தூக்குவார்களாம். இது இரண்டாவது.

மூன்றாவது, எழுந்து போகும்போது சொன்னது. “எங்கப்பா செத்த எடத்துல கல்லு இல்ல, குழி எதுன்னும் தெரியல. அவரு பேரை எங்கயாச்சும் அச்சுல போட்டுடுங்க தம்பி. அது போதும்.”

நோட்டை வாங்கி வைத்துக்கொண்டேன். அடுத்த இதழில் எட்டு வரியில் ஒரு வாசகர் கடிதமாக அதைச் சுருக்கிப் போட்டேன். பக்கத்தில் இடம் போதவில்லை. கடைசி இரண்டு வரியை வெட்டியது என் பேனாதான். அப்பாவின் பேர் இருந்தது அந்த இரண்டு வரியில்.

இதழ் வந்த வாரம் அவர் மறுபடியும் வந்தார். கோபப்படவில்லை. நோட்டை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டு படியிறங்கிப் போய்விட்டார். அதன் பிறகு வரவில்லை. அவருடைய பேரும் எனக்கு நினைவில்லை, அவருடைய அப்பா பேரும் நினைவில்லை. எத்தனையோ மந்திரிகள், நடிகர்கள் பேரெல்லாம் தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன்.

அவர் போன சயாம் எதுவென்று பிறகுதான் தேடிப் படித்தேன். 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் விழுந்ததோடு மலாயா முழுக்க ஜப்பானியர் கைக்குள் வந்தது. ரப்பர் வாங்க ஆளில்லை, தோட்டங்கள் முடங்கின. வெளியிலிருந்து அரிசி வருவதும் நின்றுபோய், லயங்களில் மரவள்ளிக்கிழங்கே சாப்பாடு. ஜப்பானியர் அச்சடித்து விட்ட வாழைமரம் போட்ட நோட்டுக்கு மதிப்பு நாளுக்கு நாள் தேய்ந்தது. பர்மாவில் இருந்த தங்கள் படைகளுக்குக் கடல் வழியாகச் சாமான் அனுப்புவது ஜப்பானியருக்கு ஆபத்தாகிவிட்டிருந்தது. அதனால் தாய்லாந்தின் பான்போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை, மலையையும் காட்டையும் பிளந்து 415 கிலோமீட்டருக்குத் தண்டவாளம் போடத் துணிந்தார்கள். ஆண்டுக்கணக்கில் நடக்க வேண்டிய வேலையைப் பதினாறு மாதத்துக்குள் முடித்துவிட்டார்கள். 1943 அக்டோபர் 17 அன்று இரண்டு பக்கத்துத் தண்டவாளமும் ஒன்றோடொன்று சேர்ந்தது.

சேர்த்து வைத்தவர்களில் பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுப் போர்க் கைதிகள் அறுபதாயிரத்துக்கும் மேல். அவர்களில் பன்னிரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். இது உலகம் அறிந்த கணக்கு. கைதிகளைப்போல மூன்று மடங்கு, அதற்கும் மேலேகூட ஆசியத் தொழிலாளர்கள் இருந்தார்கள். பர்மியர், ஜாவாக்காரர், மலாய்க்காரர், சீனர். மலாயாவிலிருந்து மட்டும் போனவர்கள் எழுபதாயிரத்துக்கும் மேல், அவர்களில் பெரும்பாலோர் தோட்டத் தமிழர். சம்பளம் சொல்லிக் கூட்டிப் போனவர்கள் உண்டு, கங்காணி பேர் கொடுத்துப் போனவர்கள் உண்டு, வழியில் மடக்கி ஏற்றப்பட்டவர்களும் உண்டு. இலவசமாகச் சினிமா காட்டுவதாகக் கூட்டி, கதவைச் சாத்தி, நேராக ரயிலில் ஏற்றினார்கள் என்றும் தப்பிவந்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள்.

சரக்குப் பெட்டியில் நாள்கணக்கில் பயணம், பிறகு மழையில் காட்டு வழியே நடை. 1943ஆம் ஆண்டு மழைக்காலத்தில் காலரா பரவியபோது ஆசிய முகாம்கள்தான் அதிகம் வெந்தன. கைதிகளோடு அவர்களுடைய ராணுவ டாக்டர்கள் இருந்தார்கள். தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடி, கழிப்பிடத்தைத் தள்ளி வெட்டு என்று உத்தரவு போட அதிகாரிகள் இருந்தார்கள். பொஞ்சாதி பிள்ளையோடு வந்த தோட்டக்காரனுக்கு அப்படி யாரும் இல்லை. எத்தனை பேர் செத்தார்கள் என்று இன்றுவரை துல்லியமாகச் சொல்ல முடியாது. எல்லா நாட்டுத் தொழிலாளர்களையும் சேர்த்தால் தொண்ணூறாயிரம் வரைகூட மதிப்பிடுகிறார்கள். பாதிப் பேர் போலத் திரும்பவில்லை. எண்ணி வைக்கக்கூட ஆள் இல்லாத சாவு அது.

பெர்லினில் மார்கொட் ஒளிந்து ஒளிந்து ஓடிய அதே மாதங்கள்தான் அவை. யூதர்களை ஒருவர்விடாமல் அழிக்க வேண்டும் என்றே திட்டம் போட்டு நடந்த படுகொலையும் இதுவும் ஒன்றல்ல. அதை நான் குழப்ப மாட்டேன். சயாமில் தமிழனைக் கொல்வது நோக்கமாக இருக்கவில்லை. அவன் செத்தால் இன்னொரு லாரி அனுப்பிக்கொள்ளலாம் என்றுதான் நினைத்தார்கள். ஆனால் திரும்பி வந்தவனின் தொண்டையில் சிக்கிக்கொண்ட சொல் இரண்டு இடத்திலும் ஒன்றுதான். அதைக் கேட்டு வாங்க யார் வந்தார்கள் என்பதில்தான் எனக்கு வித்தியாசம் தெரிகிறது.

1946இலேயே டேவிட் போடர் என்ற மனவியல் பேராசிரியர், கம்பிச் சுருளில் குரலைப் பதிகிற கருவி ஒன்றைத் தூக்கிக்கொண்டு ஐரோப்பாவின் அகதி முகாம்களுக்குப் போய், தப்பியவர்களின் குரலை அவரவர் மொழியிலேயே பதிந்தார். ஜெருசலேமில் 1961இல் நாஜி அதிகாரி ஐக்மன்மீது நடந்த விசாரணையின்போது நூற்றுக்கும் மேற்பட்ட சாட்சிகள் கூண்டேறிப் பேசினார்கள். 1994இல் சினிமா இயக்குநர் ஸ்பீல்பெர்க் தொடங்கிய அமைப்பு ஐம்பதாயிரத்துக்கும் அதிகமான வாக்குமூலங்களைப் படம்பிடித்து வைத்திருக்கிறது. யாத் வஷேம் நினைவகம் இறந்த ஒவ்வொருவருக்கும் ஒரு தாள் வைத்து, உறவினரிடம் கேட்டுக் கேட்டுப் பேரை எழுதி வாங்கியது. கொல்லப்பட்ட அறுபது லட்சம் யூதர்களில் ஐம்பது லட்சம் பேருடைய பேர்கள் இதுவரை சேர்ந்திருக்கின்றன. ‘யாத் வஷேம்’ என்ற எபிரேயச் சொற்களில் ‘ஷேம்’ என்பதற்குப் பெயர் என்றே பொருள்.

அதே சயாம் பாதையில் அவதிப்பட்ட வெள்ளைக்காரக் கைதிகளுக்கும் கேட்க ஆள் கிடைத்தது. ராணுவ டாக்டர் வியரி டன்லப்பின் நாட்குறிப்பு புத்தகமானது. டாம் மோரிஸ் என்ற ஆஸ்திரேலிய முன்னாள் கைதி 1980களில் அங்கே திரும்பிப் போனார். தோழர்கள் மடிந்த ‘ஹெல்ஃபயர் பாஸ்’ என்ற பாறை வெட்டு காடு மூடிக் கிடந்தது. அதைத் தேடிக் கண்டுபிடித்து, ஊருக்கு வந்து தம் அரசை விடாமல் நச்சரித்தார். 1998இல் அங்கே அருங்காட்சியகம் திறந்துவிட்டது. தாய்லாந்தின் காஞ்சனபுரியில் உள்ள போர்க் கல்லறையில் ஏறக்குறைய ஏழாயிரம் பேர் புதைக்கப்பட்டிருக்கிறார்கள். புல்லை ஒட்ட வெட்டி, பூச்செடி வைத்து, அவ்வளவு ஒழுங்காகப் பார்த்துக்கொள்கிறார்கள். அதைக் குறையாகச் சொல்லவில்லை, இறந்தவர்களுக்குச் செய்ய வேண்டியது அதுதான். ஆனால் அந்த வரிசையில் தோட்டத்துத் தமிழன் ஒருவனுக்கும் கல் கிடையாது.

இந்தப் பாதையின் பாலம் ஒன்றைப் பற்றி 1957இல் வந்த ‘தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்’ படத்தை நம்மில் பலர் பார்த்திருப்போம். படம் எடுத்தது இலங்கையில், கித்துல்கல என்ற ஊரின் ஆற்றங்கரையில். அந்தக் கதையில் நம் தோட்டக்காரர்களுக்கு இடமில்லை. படம் பார்த்துவிட்டு வந்த வெளிநாட்டுப் பயணிகள் குவாய் ஆறு எங்கே என்று கேட்டார்கள். பாலம் இருந்ததோ மேக்லாங் ஆற்றின்மேல். பாலத்தடியில் ஓடும் அந்த ஆற்றுக்கு 1960இல் ‘குவே யாய்’ என்று பேரையே மாற்றினார்கள். ஒரு சினிமாவுக்காக ஓர் ஆற்றுக்குப் புதுப் பேர் கிடைத்ததைப் படித்த அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்த மஞ்சள் பையைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

நம்மவர்கள் முற்றிலும் சும்மா இருந்துவிட்டதாகச் சொன்னால் அது பொய்யாகிவிடும். மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகம் ‘சயாம் மரண ரயில்’ என்ற நாவலைத் தந்தார். சீ. அருண் தப்பிவந்த முதியவர்களின் நினைவுகளைத் தேடித் தொகுத்தார். சயாமில் மடிந்த தமிழர்களுக்கென்று காஞ்சனபுரியில் ஒரு நடுகல்லும் இப்போது நிற்கிறது. போரில் விழுந்தவனுக்குக் கல் நட்டு, அவன் பேரையும் அதில் வெட்டி வைத்த மரபு நம்முடையது. கல் வந்துவிட்டது. பேர்கள் இன்னும் நம் வீட்டுப் பெட்டிகளிலும் பாட்டிகளின் வாயிலும்தான் இருக்கின்றன.

சயாமிலிருந்து திரும்பியவர்களில் ஒரு பகுதியினர் பிறகு கப்பலேறித் தமிழ்நாட்டுக்கே வந்துவிட்டார்கள். நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் ரஜுலா கப்பலிலிருந்து இறங்கியவர்களின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் இந்தப் பக்கத்தைப் படித்துக்கொண்டிருக்கலாம். சயாமுக்குப் போனவர்கள் அநேகமாக யாரும் இப்போது இல்லை. அவர்கள் சொல்லக் கேட்ட பிள்ளைகளுக்கே எழுபது, எண்பது ஆகிறது. சயாம் மட்டுமல்ல, 1942இல் பர்மாவிலிருந்து கால்நடையாகக் கிளம்பியவர்கள், 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு கொழும்பை விட்டு ராமேஸ்வரம் கரையேறியவர்கள் என்று நம்மிடையே இருக்கும் சாட்சிகள் ஏராளம். பல பேரிடம் யாரும் எதையும் கேட்டதே இல்லை.

அதனால் இந்த இதழிலிருந்து மாதம் நான்கு பக்கம் அவர்களுக்கு ஒதுக்குகிறோம். எழுதத் தெரிய வேண்டும் என்று இல்லை. போனில் பேசிப் பதிந்து அனுப்பினால் போதும், நாங்கள் எழுதிக்கொள்கிறோம். கேட்கிறவர்களுக்கு ஒன்றிரண்டு சொல்லிவிடுகிறேன், பத்து நிமிஷத்தில் பாழாக்கியவன் என்ற முறையில். ‘அப்போ எப்படி இருந்துச்சு பாட்டி’ என்று கேட்காதீர்கள், ‘கஷ்டம்தான்’ என்ற ஒரு சொல்லோடு அது முடிந்துபோகும். தோட்டத்துப் பேர் என்ன, லயத்தில் பக்கத்து வீட்டில் யார், கிளம்பின அன்றைக்கு என்ன சமைத்திருந்தார்கள், கையில் எதை எடுத்துக்கொண்டார்கள் என்று கேளுங்கள். அழுதால் நிறுத்திவிட்டு இன்னொரு நாள் போங்கள். சொன்னதையே திரும்பச் சொன்னாலும் தடுக்க வேண்டாம். இரண்டாம் தடவை சொல்லும்போது ஒரு புதுப் பேர் வரும். வாய் திறக்க மனமில்லாதவர்களை வற்புறுத்தவே கூடாது, அது அவர்களுடைய உரிமை.

எவ்வளவு நீளமாக வந்தாலும், அதில் வருகிற பேர் ஒன்றையும் வெட்ட மாட்டோம். இடம் போதாவிட்டால் என்னுடைய இந்தப் பக்கத்தை எடுத்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறேன்.

கடைசியாக ஒரு தனிப்பட்ட வேண்டுகோள். 1988இல் ஆதம்பாக்கம் பக்கம் குடியிருந்தவர். கிண்டி தொழிற்பேட்டைப் பட்டறை ஒன்றில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மலாயாத் தோட்டத்தில் பிறந்து, பதினேழு வயதில் அப்பாவோடு சயாமுக்குப் போய், தனியாகத் திரும்பியவர். நீல அட்டை போட்ட ஒரு நோட்டு வைத்திருந்தார். அது உங்கள் தாத்தாவாக இருந்தால், நோட்டு இன்னும் பரண்மேல் எங்காவது கிடந்தால், எடுத்துக்கொண்டு வாருங்கள். வர முடியாவிட்டால் ஒரு கார்டு போடுங்கள், நானே வருகிறேன். நோட்டு தொலைந்துபோயிருந்தாலும் பரவாயில்லை. அவருடைய அப்பா பேர் மட்டும் உங்களுக்குத் தெரிந்திருந்தால் எழுதி அனுப்புங்கள். அடுத்த இதழின் முதல் பக்கத்தில் அதற்கு இடம் விட்டு வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
ஆசிரியர்